வட்டக்கோட்டையில் நாற்பது விநாடி

1

இந்தக் கதை ஒரு நம்பிக்கைத் துரோகத்தில் தொடங்கியது என்பதை முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன். பழைய பிலிம் சுருள்களைக் கணினிக்கு மாற்றும் நண்பர் ஒருவர், யாரிடமும் காட்டாதே என்று சொல்லி, நாற்பது விநாடிப் படத்துண்டு ஒன்றை என் போனுக்கு அனுப்பினார். நான் காட்டினேன்.

ஊமைப்பட நடிகை மிஸ் ரத்னபாலா கடலோரத்து வட்டக்கோட்டை மதில்மேல் ராணியாக நின்று, போருக்குப் போகும் கணவனுக்கு விடைகொடுக்கிறாள். உதடு அசைகிறது, கண்ணீர் வழிகிறது, சத்தம் கிடையாது. ஏழு படங்களில் நடித்தவள். மிச்சம் இவ்வளவுதான்.

சொந்தப் பெயர் பூங்கனி, ஊர் மயிலாடி. ஒரு வயது மகனை அக்காள் வீட்டில் விட்டுவிட்டு நடிக்கப் போனாள், திரும்பவில்லை. பேசும்படம் வந்ததும் அவளுடைய இழுத்துப் பாடுகிற ஊர்ப் பேச்சு மெட்ராஸில் எடுபடவில்லையாம். எங்கே செத்தாள் என்று யாருக்கும் தெரியாது.

2

தொண்ணூற்றெட்டு வயதில் நேசையன் தன் தாயை முதன்முதலாகப் பார்த்தார்.

[நல்ல வரிதான். ஆனால் கதை அவர் மருமகள் டெல்சியுடையது. மறுபடி தொடங்குகிறேன்.]

2 (மறுபடி)

டெல்சிக்கு ஐந்து வயதில் வந்த காய்ச்சலில் காது போனது. அன்று முதல் உதட்டைப் பார்த்தே பேச்சைப் படிப்பாள். [சர்ச்சில் அவள் உட்காரும் பக்கம் புறணி பேசும் பெண்கள் சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொள்வார்கள்.] அவள் பேசினால் வீட்டாருக்கு மட்டுமே விளங்கும்.

அவர்கள் வீட்டுக்குப் போய்க் காட்டியபோது நேசையன் என் போனை வெகுநேரம் பார்த்தார். பிறகு மருமகளைத் தன் பக்கம் திருப்பி, வாயசைவு தெரியும்படி மெதுவாகக் கேட்டார்.

"மக்கா, அவ என்னத்தச் சொல்லுதா? எம் பேரு வருதா பாரு. ஒரு தடவயாவது என்னய நெனச்சாளான்னு தெரிஞ்சாப் போதும்."

சிரிக்காதீர்கள். ஊமைப்படத்தில் வசனம் தனி அட்டையில் வரும். காமிரா முன்னால் நடிகை எதை வேண்டுமானாலும் பேசலாம், யாருக்கும் கேட்காது. கிழவரின் ஆசையில் தப்பில்லை.

டெல்சி ஏழெட்டுத் தடவை ஓட்டிப் பார்த்தாள். "நாளைக்குச் சொல்லுதேன் மாமா" என்று அடுக்களைக்குள் போய்விட்டாள். நான் பின்னால் போனேன். காலண்டர் தாளைக் கிழித்து எழுதிக் காட்டினாள்.

'கல்லு சுடுது, காலு பொள்ளுது, சீக்கிரம் எடுங்க. இதையே மூணு தடவ சொல்லுதா. வேற ஒண்ணும் இல்ல.'

வெயிலை நம்பிப் படம் பிடித்த காலம். உச்சிவெயிலில் கருங்கல் மதில்மேல் வெறுங்காலோடு ராணி. அந்தக் கண்ணீர் நடிப்பல்ல.

3

மாமாவிடம் என்ன சொல்வது என்று டெல்சி என்னிடம் எழுதிக் கேட்டாள். பொய் சொல்லுங்கள் என்றேன். என் பிழைப்பே அதுதானே. அன்று மாலையே அந்தக் காட்சியை எழுதியும்விட்டேன்.

"'எம் பிள்ளைய நல்லாப் பாத்துக்கோங்க'ன்னு சொல்லுதா மாமா" என்றாள் டெல்சி. நேசையன் கண்களை மூடினார். தொண்ணூறு வருடக் காத்திருப்பு அந்த ஒரு

[வாக்கியம் இங்கே நிற்கிறது. பக்கத்தை டெல்சிக்கு அனுப்பினேன். வாட்ஸப்பில் பதில் வந்தது. 'இது நீங்க உண்டாக்கின அம்மை. மாமாவோட அம்மை காலு பொள்ளி நின்னா. அவ சொன்னதப் பாத்தது நான் ஒருத்திதான். அதையும் நான் மாத்தவா?']

எனக்குக் கோபம் வந்தது. பிறகு வெட்கமாக இருந்தது.

5

[நான்காம் பகுதியில் பொய் தொடர்ந்தது. எடுத்துவிட்டேன்.]

மறுநாள் டெல்சி உள்ளதைச் சொன்னாள். கிழவர் உடைந்துபோவார் என்று பயந்துகொண்டே நான் பக்கத்தில் இருந்தேன்.

"காலு பொள்ளுதுன்னா சொல்லுதா?"

டெல்சி தலையசைத்தாள்.

"எம் பேரு இல்லியா?"

"இல்ல மாமா."

நேசையன் போனை டெல்சி பக்கம் நகர்த்தினார்.

"ஒரு செருப்பு குடுக்க ஆளில்லாமப் போச்சே" என்றார். "இன்னொருக்கப் போடு மக்கா. அவ காலக் காட்டு."

காட்ட முடியவில்லை. படம் அவள் இடுப்போடு முடிகிறது, பாதம் அதற்குள் இல்லை. அவர் போனின் அடிப்பக்கத்தை விரலால் தடவிக்கொண்டே இருந்தார். விட்டுட்டுப் போனவ என்று இத்தனை வருடம் அவளைக் குறை சொன்ன மனிதர் அவளுக்காக அழுதார். எனக்கும் தாங்கவில்லை.

"பொறவு எறங்கினாளா?" என்று என்னிடம் கேட்டார். "நீங்க கதை எழுதுத ஆளுல்லா. எறக்கி விடுங்களேன்."

6

மூன்று விதமாக இறக்கிப் பார்த்தேன். ஒன்றில் குடையோடு ஓடி வருகிறார்கள். ஒன்றில் அவளே கோபித்துக்கொண்டு இறங்கி, கடலில் காலை நனைக்கிறாள். இன்னொன்றில்

வேண்டாம். எதையும் டெல்சியிடம் காட்ட எனக்குத் துணிவில்லை. நாற்பதாவது விநாடியிலும் பூங்கனி அந்த மதில்மேல்தான் நிற்கிறாள்.

இதை வாசிக்கும் நீங்கள் யாராக இருந்தாலும் சரி, உங்களால் முடிந்தால் அவளை நிழலுக்குக் கூட்டிப் போங்கள். போனதும் நேசையனிடம் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். அவர் இன்னும் கேட்டுக்கொண்டே இருக்கிறார்.