மாதங்கியின் விரதம்

தஞ்சாவூரில் சமத்துவத்தைப் பற்றிப் பேச ஆள் வேண்டுமென்றால் மாதங்கியைத்தான் கூப்பிடுவார்கள். மாமனார் நிலத்தில் நாற்று நட்ட தர்மாம்பாளின் மகள் அறிவுமதியைப் படிக்கவைத்தது தாங்கள்தான் என்பதைச் சொல்லாமல் அவள் எந்த மேடையிலிருந்தும் இறங்கியதில்லை. அந்த அறிவுமதி இப்போது கல்லூரியில் வேதியியல் பேராசிரியை. நீடாமங்கலத்தில் சொந்தமாக வீடும் கட்டிவிட்டாள்.

அதுவரை மாதங்கிக்குச் சந்தோஷம்தான். வயிற்றெரிச்சலெல்லாம் மகள் ஸ்ம்ருதியால் வந்தது. பன்னிரண்டாம் வகுப்புப் படிக்கிற அந்தப் பெண்ணுக்கு வாயைத் திறந்தால் அறிவு அக்காதான். சனிக்கிழமை அவளிடம் பாடம் கேட்கப் போனால் பொழுது சாய்ந்துதான் திரும்புவாள். பெற்றவளிடம் முகம் கொடுத்துப் பேசாதவள் அங்கே அப்படி என்னதான் பேசுவாளோ? பத்து மாதம் சுமந்தவள் நான், பங்குக்கு வர இவள் யார் என்று மாதங்கி உள்ளுக்குள் வெந்தாள்.

புதுமனை புகுவிழாவுக்குத் தாயும் மகளும் போனார்கள். ஸ்ம்ருதி நேரே அடுப்படிக்குப் போய், தர்மாம்பாளின் தோளில் சாய்ந்துகொண்டு அப்பளம் கடித்தாள். வீட்டில் தட்டை நகர்த்தி வைக்கிற பெண்.

"இலை போட்டாச்சு மாமி, உக்காருங்க," என்றாள் அறிவுமதி.

"இன்னிக்கு எனக்கு விரதம்மா. நீங்கள்லாம் சாப்பிடுங்கோ."

இந்த வீட்டார் எதற்குக் கூப்பிட்டாலும் அன்றைக்கு மாதங்கிக்கு விரதம் வந்துவிடும். மற்றபடி ஏகாதசி எது, சஷ்டி எது என்று அவளுக்குத் தெரியாது.

அறிவுமதியின் முகம் மாறவில்லை. "தெரியும் மாமி. நான் பத்தாவது பாஸானப்ப கேசரி கொண்டாந்தேன், அன்னிக்கும் விரதம். அதான் பேராவூரணி இளநி வாங்கி வெச்சிருக்கேன். இன்னும் சீவலை. கார்லயே வெச்சிடுறேன், வீட்டுல போய் நீங்களே சீவிக்குங்க."

ஸ்ம்ருதி கடித்த அப்பளத்தை மெல்லாமல் நின்றாள். காலையில் அம்மா நாலு இட்லி சாப்பிட்டதை அவள் பார்த்திருந்தாள். அம்மாவுக்குப் போட்ட இலையில் தான் உட்கார்ந்து, சாம்பாரை இரண்டு தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் வராததுமாக மாதங்கி அடைக்கு ஊறப்போட்டு அரைத்தாள். அடையென்றால் மகளுக்கு உயிர். முறுகலாக வார்த்து, நெய் விட்டு, பக்கத்தில் வெல்லமும் வைத்தாள். அங்கே தோற்றதை இங்கே ஜெயித்துவிட வேண்டும் போலிருந்தது.

"சூடா இருக்கு, வாடி கண்ணா."

ஸ்ம்ருதி தட்டைப் பார்த்தாள். அப்புறம் அம்மாவைப் பார்த்தாள்.

"எனக்கு இன்னிக்கு விரதம்மா," என்றாள். "நாளைக்கும்."