உட்கார்ந்திருக்கும் இல்லத்தரசி

அலர்மேல்மங்கைக்கு வேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான்: புத்தக அட்டையில் தன் பெயர்.

கணவர் சந்தானத்தின் முதல் புத்தகம், மனித உடல் உணவை எப்படிச் செலவழிக்கிறது என்பதைப் பற்றியது. பெங்களூர் மருத்துவ மாணவர்கள் இருபது வருடமாக அதைத்தான் படிக்கிறார்கள். அந்த ஆராய்ச்சிக்காக அவள் எடை போட்ட சாதத்தைச் சாப்பிட்டு, மூக்கை அடைத்துக்கொண்டு, மூச்சை அளப்பதற்கான ரப்பர் பைக்குள் வாயால் மூச்சு விட்டாள். நடுநடுவே சமைத்தாள், துணி துவைத்தாள். புத்தகத்தில் அவள் படத்துக்குக் கீழே அவர் எழுதியது: 'வேலையின்றி உட்கார்ந்திருக்கும் இல்லத்தரசி.'

இரண்டாவது, பழைய மைசூர் அரசின் பென்ஷன் பதிவுகளைப் பற்றியது. ஓய்வு பெற்றவர்கள் எதைச் சாப்பிட்டு எத்தனை காலம் உயிரோடிருந்தார்கள் என்று அவருக்குத் தெரியவேண்டியிருந்தது. பெங்களூர் ரிச்சர்ட்ஸ் டவுனில் வளர்ந்த சந்தானம் கன்னடம் சரளமாகப் பேசுவார். ஓர் எழுத்துகூடப் படிக்கத் தெரியாது. யாராவது கேட்டால் பேச்சை மாற்றிவிடுவார். அவள் மைசூரில் கன்னடப் பள்ளியில் படித்தவள். இரண்டு வருடம் அந்தப் பதிவுகளின் கிறுக்கலான கன்னடக் கையெழுத்தை அவள் தமிழில் சொல்லச் சொல்ல, அவர் ஆங்கிலத்தில் தட்டினார். அட்டையில் இருவர் பெயரும் வரும் என்று அவராகவே வாக்குக் கொடுத்திருந்தார்.

1997இல் புத்தகம் அச்சாகி வந்தது. அட்டையில் அவர் பெயர் மட்டும்.

"ஆம்படையாள் பேரையெல்லாம் அட்டையில போட்டா, ஏதோ பொழுதுபோக்குக்கு எழுதினதுன்னு நெனைப்பா, அலமேலு. உள்ள நன்றி போட்டிருக்கேனே."

உள்ளே பார்த்தாள். வேளாவேளைக்குக் காபி கொடுத்ததற்கு நன்றி சொல்லியிருந்தார்.

அவள் சண்டை போடவில்லை. அவர் குளிக்கப் போன நேரத்தில், வெளியீட்டு விழாவுக்குத் தலைமை தாங்கவிருந்த ஆவணக் காப்பக அதிகாரி மஞ்சுநாத்துக்குப் போன் செய்தாள். மூலப் பதிவில் ஒரு பக்கத்தை நகலெடுத்து வந்து, மேடையில் சந்தானம் சாரையே படிக்கச் சொன்னால் ரொம்பச் சந்தோஷப்படுவார் என்று கன்னடத்தில் இனிமையாகச் சொன்னாள்.

விழாவன்று அரக்குப் பட்டு உடுத்தி முதல் வரிசையில் உட்கார்ந்தாள்.

மஞ்சுநாத் நகலை நீட்டினார். கூட்டம் கைதட்டியது. சந்தானம் காகிதத்தைத் திருப்பிப் பார்த்தார், கண்ணாடியைத் துடைத்தார், கீழே இவளைப் பார்த்துச் சிரித்தார்.

"அலமேலு, கண்ணு கொஞ்சம் சரியில்லை. நீ வந்து படியேன்."

"நான்தான் சும்மா உக்காந்துண்டிருக்கேனே," என்றாள் அவள், கடைசி வரிசைவரை கேட்கும்படி. "எனக்கு வேலையே இல்லைன்னு நீங்களே புஸ்தகத்துல போட்டிருக்கேளே."

அங்கிருந்த அவருடைய பழைய மாணவர்கள் சிரித்துவிட்டார்கள். முதல் புத்தகத்தின் அந்தப் படமும் அதன் கீழிருந்த வரியும் அவர்களுக்கு மனப்பாடம்.

மஞ்சுநாத் விடவில்லை. அப்படியானால் இத்தனை பதிவுகளையும் படித்தது யார் என்று கேட்டார். சந்தானம் மைக்கைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். சட்டைக் காலர் நனைந்துவிட்டிருந்தது. கடைசியில், தனக்குக் கன்னடம் படிக்க வராது, எல்லாம் படித்தது தன் மனைவிதான் என்று சொன்னார்.

எல்லோரும் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள். இப்போதாவது எழுந்து வருவாள் என்று அவர் காகிதத்தை நீட்டியபடி காத்திருந்தார்.

"அடுத்த பதிப்புல அட்டையில வரட்டும்," என்றாள். "அப்பறம் படிக்கறேன்."

விழாவில் கொடுத்து மடியில் வைத்திருந்த இனிப்புப் பெட்டியைத் திறந்து மைசூர்பாகை எடுத்துக் கடித்தாள். இந்த முறை அதை யாரும் எடை போடவில்லை.