ஐயா ஆட்டம்

ரோட்டில் மரம் விழுந்து கிடக்கிறதே, உனக்கு என்ன நஷ்டம் என்று அந்த வாரம் கள்ளக்குறிச்சியில் யாரைக் கேட்டாலும் ஆளுக்கொரு கதை சொல்வார்கள். பால்காரர் திரிந்துபோன பாலைச் சொல்வார். கல்யாண வீட்டுக்காரர் வராத மாப்பிள்ளையைச் சொல்வார். மார்க்கர் பச்சமுத்து ஒருவனுக்குத்தான் மரம் விழுந்ததில் லாபம். அந்த லாபத்தை நினைத்து நினைத்தே அவனுக்குச் சோறு இறங்கவில்லை.

எண்பத்தேழு செப்டம்பர். இடஒதுக்கீடு கேட்டுச் சாலை மறியல். தியாகதுருகம் போகிற ரோட்டில் புளியமரங்கள் குறுக்கும் நெடுக்குமாகக் கிடந்தன. பஸ் இல்லை, லாரி இல்லை, கரண்ட் வந்தால் வந்தது. இந்த நேரம் பார்த்துத்தான் கல்வராயன் மலையில் சிநேகிதரின் காப்பித் தோட்டத்தைப் பார்த்துவிட்டு, கச்சிராயபாளையம் வழியாக இறங்கி வந்த ஒரு மெட்ராஸ் கார் ஊருக்குள் மாட்டிக்கொண்டது. காரில் வந்தவர் பெயர் நாதமுனி. ஸ்னூக்கர் ஆட்டத்தையே பிழைப்பாக வைத்திருப்பவர்களில் யார் பெரிய போட்டிகளுக்குப் போகலாம் என்று முடிவு செய்கிற சங்கத்தின் செயலாளர். லாட்ஜில் மூட்டைப்பூச்சி தாங்காமல் அவர் ஆபீசர்ஸ் கிளப்பின் அறைக்கு வந்து சேர்ந்தார்.

அந்தக் கிளப்பில்தான் பச்சமுத்து மார்க்கர். மார்க்கர் என்றால் என்ன வேலை? டேபிளின் பச்சைத் துணியைப் பிரஷ் போடுவான். குழியில் விழுந்த பந்தை எடுத்து அதன் இடத்தில் வைப்பான். ஒவ்வொரு அடிக்கும் புள்ளியைச் சத்தமாகச் சொல்லி, சுவரில் உள்ள போர்டில் முள்ளைத் தள்ளுவான். ஜோடி கிடைக்காத மெம்பருக்கு எதிரே நின்று ஆடுவான். மார்க்கர் சொன்ன கணக்குக்கு அப்பீல் கிடையாது. கலெக்டரே ஆடினாலும் மார்க்கர் வாயிலிருந்து வந்ததுதான் முடிவு.

இதெல்லாம் எழுதி மாட்டிய சட்டம். எழுதாத சட்டம் இன்னொன்று உண்டு. மெம்பரை மார்க்கர் ஜெயிக்கக் கூடாது. அதற்காகச் சோப்ளாங்கியாகத் தோற்றாலும் அவருக்கு ருசிக்காது. ஆட்டத்தைக் கடைசிக் கறுப்புப் பந்து வரை இழுத்துக்கொண்டு போய், கறுப்பைக் குழியின் வாயில் நிறுத்தி, சின்னப் பிள்ளை தட்டினாலும் விழுகிற மாதிரி விட்டுக்கொடுக்க வேண்டும். அது விழுந்ததும், ஜெயித்தது ஐயாதான் என்று கிளப்பே கேட்கிற மாதிரி, "ஐயா ஆட்டம்!" என்று சொல்ல வேண்டும். பச்சமுத்து பன்னிரண்டு வருஷமாக இதைச் சொல்லிக்கொண்டிருந்தான். பெரும்பாலும் கிளப் தலைவர் ஆதிமூலத்துக்கு.

ஆதிமூலம் கெட்ட மனுஷர் இல்லை. ஊரின் பெரிய ரைஸ் மில் அவருடையது. சாயங்காலம் கிளப்பில் ஜெயித்துவிட்டுப் போனால் மறுநாள் மில்லில் யார் மேலும் விழமாட்டார். தோற்றுவிட்டுப் போனால் நெல் காயவைக்கிற களத்தில் நிற்கிற பெண்களுக்குத்தான் அர்ச்சனை. அந்தக் களத்தில் பச்சமுத்துவின் மனைவி எழில்மதியும் நின்றாள். ஆகவே அவன் வீட்டுக்கு வந்ததும் காபி கொடுப்பதற்கு முன் அவள் ஒரு கேள்வி கேட்பாள். "ஐயா ஜெயிச்சாரா?" அவன் "ம்" என்பான். அவள் நிம்மதியாக அடுப்பைப் பார்க்கத் திரும்புவாள்.

இப்படிப்பட்டவனுக்கு ஒரு காலம் இருந்தது என்றால் நம்ப முடியாது. மெட்ராஸில் மார்க்கர்களுக்கு என்று நடந்த போட்டியில் முதல் தடவை போனபோதே கப்போடு வந்தான். பஸ் ஸ்டாண்டில் இறங்கியபோது மாலை போட்டவர் ஆதிமூலமேதான். மறு வருஷமும் கடைசி ஆட்டம் வரை போனான். எதிரே ஆடியவன் ஒரு பெரிய கிளப்பின் மார்க்கர். அந்தக் கிளப்பின் தலைவர் முதல் வரிசையில் காலை ஆட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஒரே ஒரு கறுப்பு பாக்கி. பச்சமுத்து அடித்தான். பந்து நேராகப் போய்க் குழியின் வாயில் நின்றது. அவன் நிறுத்தவில்லை, கைதான் நிறுத்தியது என்று சொன்னால் யார் கேட்பார்கள்? கப்பு போனது. அடுத்த வருஷம் கூப்பிடவே இல்லை. அப்புறம் மெம்பர்களுக்குள் சண்டை வந்து கிளப்பையே பூட்டினார்கள். மறுபடி திறக்கிற வரைக்கும் ஆதிமூலத்தின் மில்லில் மூட்டை தூக்கினான். விரல்கள் காய்த்துப்போயின. அந்த விரலோடு ஸ்டிக்கைப் பிடித்த முதல் நாள் அவனுக்கு அழுகையே வந்துவிட்டது.

நாதமுனிக்கு அவனை ஞாபகம் இருந்தது. காலையில் காபி கொண்டுபோனபோது மூஞ்சிக்கு நேராகவே சொன்னார்.

"உங்க ஆட்டத்த மெட்ராஸ்ல பாத்திருக்கேன், பச்சமுத்து. கை அருமையான கை. ஆனா ஜெயிக்கத் தெரியாது. அடுத்த மாசம் பெங்களூர் போட்டிக்கு ஒரு இடம் பாக்கி. போனா அப்புறம் பந்து எடுத்து வைக்கிற வேலை கெடையாது, ஆடறதுதான் வேலை. இன்னிக்கு உங்க தலைவரோட ஆடுங்க, பாக்கறேன். ஜெயிக்கிறவன்னு தெரிஞ்சா எழுதிக் குடுத்துட்டுப் போறேன். இல்லேன்னா சேலத்துல ஒருத்தன் இருக்கான்."

பச்சமுத்து காலி டம்ளரோடு வெளியே வந்தான். ஆதிமூலம் வேறு முந்தைய நாளே விருந்தாளியிடம் அளந்துவிட்டிருந்தார்: "இவன் மெட்ராஸ்ல கப்பு வாங்கினவன் சார். என்கிட்ட மட்டும் பாச்சா பலிக்காது." மில் ஓடவில்லை, லாரி இல்லை. மனுஷருக்குப் பொழுதுபோக இருந்த ஒரே பெருமை அதுதான்.

வீட்டுக்குப் போய் எழில்மதியிடம் சொன்னான். அவள் முறத்தைக் கீழே வைத்தாள்.

"அவர பகைச்சிக்காதீங்க. ரெண்டு பேரு சோறும் அவருகிட்டதான் கீது. பெங்களூர்ல தோத்துட்டு வந்தா எங்க போயி நிப்பீங்க?"

அவளுடைய தம்பி மாயவன் ராத்திரியெல்லாம் ரோட்டில் மரத்துக்குக் காவல் நின்றுவிட்டு, கண் சிவக்க வந்து கூழ் குடித்துக்கொண்டிருந்தான். எங்கோ போலீஸ் சுட்டுவிட்டது என்று பேச்சு. அந்தப் பயம் எழில்மதிக்குத் தனி. மாயவன் சொம்பைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னான்.

"இன்னா மாமா நீ! நாங்க கெடைக்குமோ கெடைக்காதோன்னு உசுர வெச்சிக்கினு ரோட்டுல நிக்கிறோம். நீ கைக்கு வந்தத எடுத்து அவருக்குக் குடுத்துக்கினு நிக்கிற."

"வாய மூட்றா. நீ வூட்டோட கெட மொதல்ல" என்று அக்கா சீறினாள். பச்சமுத்து கிளப்புக்கு நடந்தான். அவனுக்கு ஆதிமூலத்தைக் கண்டு பயம், பெங்களூரை நினைத்தும் பயம். எல்லாவற்றையும் விடத் தன் வலது கையை நினைத்துத்தான் பயம். ஜெயிக்கலாம் என்று மனசு முடிவு செய்தாலும் கை கேட்க வேண்டுமே.

கரண்ட் இல்லாததால் ஜன்னல்களை எல்லாம் திறந்து வைத்து ஆடினார்கள். மேற்கு ஜன்னலில் மலை மேகம் மூடிக் கிடந்தது. நாதமுனி நாற்காலியில் உட்கார்ந்தார். பச்சமுத்து ஆடவும் வேண்டும், தன் புள்ளியையும் எதிராளி புள்ளியையும் தானே சொல்லவும் வேண்டும். அவன் நினைத்துப் பயந்தபடியே நடந்தது. நல்ல சிவப்புப் பந்தாக வரும், குனிவான், அது ஒரு நூல் தள்ளிப் போய் நிற்கும். ஆதிமூலம் தட்டிப் போடுவார். "ஐயா இருபத்தெட்டு. ஐயா முப்பத்தஞ்சு." கையும் வாயும் பழைய வேலையை ஒழுங்காகச் செய்துகொண்டிருந்தன. நாதமுனி கொட்டாவி விட்டார். இவன் கதை முடிந்தது என்று அந்தக் கொட்டாவியிலேயே பச்சமுத்துவுக்குத் தெரிந்தது.

சிவப்பெல்லாம் தீர்ந்தது. போர்டில் ஆதிமூலம் அறுபத்தொன்று, பச்சமுத்து முப்பத்தேழு. இனி டேபிளில் கிடப்பது ஆறு கலர் பந்துகள்தான். ஆறையும் ஒன்று விடாமல் வரிசையாகப் போட்டால் இருபத்தேழு புள்ளி. அதாவது மூன்று புள்ளியில் ஜெயிப்பு. ஒன்று தவறினாலும் வழக்கம்போல.

அப்போது நாதமுனியின் டிரைவர் ஓடி வந்தான்.

"சார், ஒருபக்கமா மரத்த இழுத்துப் போட்டுட்டாங்க. ஒரு கார் போற அளவுக்கு வழி கீது. மறுபடி வெட்டறதுக்குள்ள கெளம்பிடலாம் சார்!"

நாதமுனி எழுந்தார். பச்சமுத்துவைப் பார்க்கக்கூட இல்லை. டிரைவரோடு வராந்தாவுக்குப் போய்ப் பெட்டி, பெட்ரோல் என்று பேச ஆரம்பித்தார்.

அவர் முதுகைப் பார்த்ததும் பச்சமுத்துவுக்கு ரோஷம் வந்தது. யார் மேல் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. எல்லார் மேலும், எல்லாரையும் விடத் தன் கை மேல். குனிந்தான். மஞ்சள் சத்தமில்லாமல் விழுந்தது. பச்சை விழுந்தது. பழுப்புக்கு டேபிளைச் சுற்றி வந்து, டேபிள் ஓரத்துக் குஷனை ஒட்டிக் கிடந்த வெள்ளைப் பந்தை எட்டி அடித்தான். பழுப்பும் விழுந்தது. இத்தனை வருஷத்தில் முதல் தடவையாகப் புள்ளி சொல்ல மறந்தான். போர்டுப் பக்கம் போகவும் இல்லை. முள் முப்பத்தேழிலேயே நின்றது.

நீலம் விழுந்தபோது நாதமுனி வாசலுக்கு வந்து நின்றார். வெளியே டிரைவர் ஹாரன் அடித்தான். ஆதிமூலம் ஸ்டிக்கைத் தரையில் ஊன்றி, அதன் மேல் தாடையை வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தார். பிங்க் விழுந்தது.

மிச்சம் கறுப்பு. கஷ்டமான பந்துகூட இல்லை. ஆனால் மெட்ராஸில் கிடந்த அதே கோணம். கை வியர்த்தது. வேட்டியில் துடைத்தான், மறுபடி வியர்த்தது. நின்னுடு, குழி வாயில நின்னுடு என்று கை கெஞ்சுவதுபோல இருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு அடித்தான். கறுப்பு ஓடியது, குழியின் வாய்க்குப் போனது, நிற்கவில்லை, உள்ளே விழுந்தது.

விழுந்த சத்தம் கேட்டதும் வாய் தானாகத் திறந்தது.

"ஐயா ஆட்டம்!"

கிளப்பே கேட்கிற மாதிரி சொன்னான். சொன்ன பிறகுதான் தன் காதிலேயே விழுந்தது. தலையில் யாரோ குடம் தண்ணீரைக் கொட்டியதுபோல உடம்பு சில்லிட்டது. கைக்குப் பயந்து பயந்து, வாயை மறந்துவிட்டான்.

ஆதிமூலத்தின் முகம் ஒரு கணம் குழம்பி, போர்டைப் பார்த்துத் தெளிந்தது. அறுபத்தொன்று, முப்பத்தேழு. அவர் என்றைக்குத் தானாகக் கணக்குப் பார்த்தார், இன்றைக்குப் பார்க்க?

"கடைசியில கொஞ்சம் மெரட்டிட்டான் சார்" என்று சிரித்தார்.

நாதமுனி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "நான் நடுவுல வெளிய போயிட்டேன். கணக்கு தெரியல. முடிவா யார் ஜெயிச்சது?"

"மார்க்கர்தான் சொல்லிட்டானே. அவன் சொன்னா சொன்னதுதான்."

இரண்டு பேரும் பச்சமுத்துவைப் பார்த்தார்கள். ஹாரன் மறுபடி அடித்தது. ஒரு தடவை சொன்ன கணக்கை அவன் திருத்தியதே கிடையாது. திருத்தினால் நாளைக்கு எந்த மெம்பர் அவன் வாயை நம்புவார்? பேசாமல் இருந்தால் எல்லாம் நேற்றுப்போலவே இருக்கும். களத்தில் எழில்மதியை யாரும் ஒரு சொல் சொல்லமாட்டார்கள். சாயங்காலம் "ம்" என்றால் போதும். கறுப்பை அடித்தது இதற்கு முன்னால் ஒன்றுமே இல்லை.

"தப்பா சொல்லிட்டேங்க" என்றான். குரல் எழும்பவில்லை. இன்னொரு தடவை சொன்னான். "தப்பா சொல்லிட்டேங்க ஐயா. அறுபத்தி நாலு, அறுபத்தி ஒண்ணு. ஆட்டம் என்னுது."

ஆதிமூலம் ஆறு குழிகளையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். உதடு அசைய மனசுக்குள் கூட்டினார். கூட்டி முடித்ததும் முகம் கறுத்தது.

"அப்ப இத்தினி வருசமா? அதெல்லாம் தப்பாத்தான் சொன்னியாடா?"

"இல்லீங்க ஐயா." பச்சமுத்துவின் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "அதெல்லாம் சரியாத்தாங்க சொன்னேன். ஆடினதுதாங்க தப்பு."

ஆதிமூலம் அப்படி ஒரு முகத்தோடு நின்று அவன் பார்த்ததே இல்லை. பன்னிரண்டு வருஷத்து ஜெயிப்பை எல்லாம் ஒரே வாக்கியத்தில் பிடுங்கிக்கொண்டால் மனுஷர் என்ன செய்வார், பாவம்! அடித்துவிடுவார் என்றுதான் பச்சமுத்து நினைத்தான். அவர் நேராகப் போர்டுக்குப் போனார். மெம்பர்கள் யாரும் தொடாத முள்ளைத் தன் கையால் பிடித்து, முப்பத்தேழிலிருந்து அறுபத்து நான்கு வரை தள்ளினார். ஸ்டிக்கை அதன் இடத்தில் மாட்டினார்.

"சாவிய வாட்ச்மேன் கிட்ட குடுத்துட்டுப் போ" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் வெளியேறினார்.

நாதமுனி நின்றபடியே ஒரு சீட்டில் பெங்களூர் விலாசத்தை எழுதிக் கொடுத்தார். "அங்கே எவன் முன்வரிசையில உக்காந்தாலும் வாயத் திறக்காதீங்க" என்றார். சிரிக்கிறாரா என்று தெரிவதற்குள் காரில் ஏறிவிட்டார்.

வீட்டுக்கு வரும்போது ஓரமாக இழுத்துப் போட்ட புளியமரத்தில் இலைகள் வாடத் தொடங்கியிருந்தன. மாயவனும் நாலைந்து பேரும் அதன் மேல் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களிடம் நிற்காமல் வந்தான். எழில்மதி வாசலிலேயே இருந்தாள். தம்பியும் வரவில்லை, புருஷனும் வரவில்லை என்று தெருவையே பார்த்துக்கொண்டிருந்திருப்பாள். அவனைப் பார்த்ததும் வழக்கம்போலக் கேட்டாள்.

"ஐயா ஜெயிச்சாரா?"

அவனுக்கு "ம்" என்று வந்துவிடும்போல இருந்தது. வாயை இறுக்கிக்கொண்டான்.

"இல்ல. நான் ஜெயிச்சிட்டேன். வேல போச்சி."

எழில்மதி நிலையைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்தாள். நாளைக்குக் களத்துக்குப் போகலாமா, போனால் உள்ளே விடுவார்களா என்று அவள் மனசு ஓடுவது முகத்திலேயே தெரிந்தது. அவன் பக்கத்தில் போய் நின்றான். தொடவும் பயமாக இருந்தது. அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"வேல போச்சின்றதுக்கு முன்னால ஒண்ணு சொன்னீங்களே, அத இன்னொரு தபா சொல்லுங்க" என்றாள்.