ரோம்ஸ்டாட் பக்கத்தில் ஒரு வரி

எங்கள் பள்ளத்தாக்கில் எல்லா வீட்டு அலமாரியிலும் வேதப் புத்தகத்துக்குப் பக்கத்தில் ஊர் நூல் நிற்கும். எந்தப் பண்ணையில் எந்த வருஷம் யார் குடியிருந்தார்கள், யாரைக் கட்டினார்கள், யாருக்குப் பிறந்தார்கள் என்று பண்ணை பண்ணையாக எழுதிய வரலாறு. ஊராட்சிச் செலவில் அச்சாகிறது. வாங்குகிறவர்கள் முதலில் தங்கள் பண்ணையைப் புரட்டுவார்கள். பிறகு பக்கத்துப் பண்ணையைப் புரட்டி, கல்யாணத்துக்கும் தலைச்சன் பிறப்புக்கும் நடுவில் எத்தனை மாதம் என்று விரல்விட்டு எண்ணுவார்கள். அத்தோடு வாசிப்பு முடிந்தது. முன்னுரையை யாரும் படித்ததாகத் தகவல் இல்லை. மூன்றாம் தொகுதிக்குப் பதினோரு பக்க முன்னுரை எழுதியிருந்தார் நூல் குழுத் தலைவர் தோர்கிரிம் ரோம்ஸ்டாட்.

இரண்டாம் தொகுதியைப் போலவே இதையும் எழுதியவன் நான். பள்ளிக்கூட வேலையை விட்டுவிட்டு ஒன்பது வருஷம் எழுதினேன். எண்ணூற்றுப் பதினான்கு பக்கம், மூவாயிரம் அடிக்குறிப்பு. வாசகர் எண்ணிக்கையில் அடிக்குறிப்புக்கும் முன்னுரைக்கும் வித்தியாசம் இல்லை.

அச்சுக்கு முன் அந்தந்தப் பண்ணையின் பக்கங்களை அந்தந்த வீட்டாருக்கு அனுப்பித் திருத்தம் கேட்பது வழக்கம். வெள்ளிக்கிழமை நண்பகலுக்குள் கோப்பு அச்சகத்துக்குப் போயாக வேண்டும். செவ்வாய்க்கிழமை காலை தோர்கிரிம் தன் பக்கங்களைச் சுருட்டிப் பிடித்தபடி என் அறைக்கு வந்தார். உட்காரவில்லை. ஜன்னலுக்கும் கதவுக்குமாக நடந்தார்.

அவரை நடக்க வைத்த வரி இது: ‘1742-இல் ரோம்ஸ்டாட் விதவை குரோ, கீழ்ப் பண்ணையான ஸ்லெட்டாவின் மகன் ஐவின்டை மணந்தாள், முதல் கணவனுக்குப் பிள்ளைகள் இல்லை.’

அந்தக் காலத்தில் எங்களிடம் பெயர் ஆளோடு போகாது, நிலத்தோடு இருக்கும். எந்தப் பண்ணைக்குக் குடிபோகிறாயோ அந்தப் பண்ணையின் பெயர்தான் உன் பெயர். ஸ்லெட்டா ஐவின்ட் மேட்டில் ஏறி வந்த மறுநாளே ரோம்ஸ்டாட் ஐவின்ட் ஆகிவிட்டான். இது ஊருக்கே தெரிந்த வழக்கம். தன் வீட்டில் மட்டும் அப்படி நடந்திருக்காது என்பது ஊருக்கே உள்ள நம்பிக்கை. தோர்கிரிம் அந்த நம்பிக்கையை ஒரு நினைவுக் கல்லிலேயே செதுக்கி வைத்திருந்தார். ‘1611 முதல் ஒரே ரத்தம்.’ வெளியீட்டு விழா அன்று மாவட்ட ஆளுநர் கையால் திறப்பதாக ஏற்பாடு. ஸ்லெட்டாவை அவர் சொல்வது ‘சேத்து வீடு’ என்று.

“வாத்தியாரே, இந்த ஒரு வரியை எடுத்துருங்க. எண்ணூறு பக்கத்துல ஒரு வரி போனா புத்தகம் இளைச்சாபோயிடும்?”

“தேவாலயப் பதிவேட்டுல இருக்கு தலைவரே.”

“அதை எழுதின பாதிரி குடிகாரர். ரெண்டாம் தொகுதியில நீங்கதானே எழுதினீங்க?”

அந்த வரியை எடுத்தால் குரோவுக்கு 1743 முதல் பிறந்த ஏழு பிள்ளைகளுக்குத் தகப்பன் இல்லாமல் போவதைச் சொன்னேன். கொஞ்சம் யோசித்தார். முதல் கணவனை இன்னும் பதினைந்து வருஷம் உயிரோடு வைத்தால் யாருக்கு நஷ்டம் என்று கேட்டார்.

என் ஒப்பந்தத்தில் ஏழாம் விதி ஒன்று உண்டு, தலைவரே எழுதியது. இரண்டு வீட்டாரைப் பற்றிய செய்தியை இரண்டு வீட்டாரும் ஒன்றாக உட்கார்ந்து கையெழுத்திட்டு மறுத்தால் நான் நீக்கியே ஆகவேண்டும். நீக்கிவிட்டு அட்டையில் என் பெயரைப் போட்டுக்கொள்ள வேண்டும். ஆனாலும் ஸ்லெட்டாவின் குன்வோர் அக்கா இவரோடு ஒரே மேஜையில் உட்கார மாட்டார் என்ற தைரியம் எனக்கு இருந்தது. போன வருஷம்தான் மலைமேல் இருக்கும் கோடை மேய்ச்சல் நிலத்தை தோர்கிரிம் வழக்காடி அவரிடமிருந்து ஜெயித்திருந்தார்.

மத்தியானமே ஸ்லெட்டாவுக்குப் போனேன். அக்கா பழுப்புப் பாலாடைக்கட்டியைச் சீவிக்கொண்டிருந்தார். பக்கத்தில் அவருக்கு அனுப்பிய பக்கம். அதே வரியின்மேல் சிவப்புப் பென்சில் கோடு.

“எங்க வம்சத்துல திருடன் உண்டு, கடனுக்குப் பயந்து அமெரிக்காவுக்கு ஓடினவன் உண்டு. எல்லாத்தையும் போட்டுக்கோ தம்பி. அந்த ஆளு எங்க சொந்தம்னு மட்டும் போட்டுடாதே. நான் கடைகண்ணிக்குப் போயாகணும்.”

புதன்கிழமை நான் ஒரு வேலையும் செய்யவில்லை. வரியை நீக்கினேன், சேர்த்தேன், நீக்கினேன். ஆற்றுப் பாலம் வரை நடந்துவிட்டு வந்து மறுபடி சேர்த்தேன். நாற்பது வருஷத்தில் முதல்முறையாக அந்த இரண்டு வீடுகளும் ஒரு விஷயத்தில் ஒத்துப்போயிருந்தன. அதுவும் ஒரு பொய்யில்.

வியாழக்கிழமை ஊராட்சிக் கூட்ட அறையில் மேஜையின் இரண்டு கோடிகளில் இருவரும் உட்கார்ந்தார்கள். நடுவில் காபிக் குடுவையும் நானும். மறுப்பை தோர்கிரிமே எழுதி வந்திருந்தார்: ‘ஐவின்ட் ஸ்லெட்டா வீட்டு மகன் அல்ல என்று இரு வீட்டாரும் ஒருமனதாக அறிவிக்கிறோம்.’ சுழி வைத்துக் கையெழுத்துப் போட்டுக் காகிதத்தை மேஜைமேல் தள்ளிவிட்டார்.

குன்வோர் அக்கா கண்ணாடியை மாட்டிக்கொண்டு வாசித்தார். பேனாவை எடுத்தார். வைத்தார்.

“தம்பி, இந்த ஐவின்ட் பேருல இருக்கற பத்திரத்தைத்தானே போன வருஷம் கோர்ட்டுல காட்டினாங்க?”

ஆமாம் என்றேன். என் அடிக்குறிப்பில் இருப்பதும் அதே பத்திரம்தான். ரோம்ஸ்டாட் ஐவின்டுக்கு ஸ்லெட்டா கிழவர் மேய்ச்சல் நிலத்தை ‘மகன் பங்காக’க் கொடுக்கும் 1742-ஆம் வருஷத்துப் பத்திரம். பழைய கோணல் எழுத்தில் ‘ரோம்ஸ்டாடுக்குக் கொடுக்கிறேன்’ என்பதோடு தோர்கிரிமும் அவர் வக்கீலும் வாசிப்பதை நிறுத்திவிட்டார்கள். அடுத்த பண்ணைக்காரன் எதற்கு நிலத்தைத் தூக்கிக் கொடுத்தான் என்று தோர்கிரிம் கேட்டதே இல்லை. ரோம்ஸ்டாட்காரருக்கு மற்றவர்கள் எதையாவது கொடுப்பது இயற்கைதானே என்று நினைத்திருக்க வேண்டும்.

இதை நான் சொல்லி முடிப்பதற்குள் அக்கா பேனாவைத் திரும்ப எடுத்துவிட்டார். முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம்.

“அப்ப மகன் இல்லேன்னா மகன் பங்கும் இல்லைதானே? குடுங்க, போடறேன். நாளைக்கே என் வக்கீல்கிட்ட காட்டணும்.”

தோர்கிரிம் எழுந்தார். அவ்வளவு பெரிய உடம்பு அவ்வளவு வேகமாக மேஜைமேல் சாய்ந்து நான் பார்த்ததில்லை. காகிதம் அவர் கைக்கு வந்தது. நாலாக மடிந்து கோட்டுப் பைக்குள் போனது. நூற்று அறுபது ஆடுகள் மேயும் இடம் அது.

“வரி இருக்கட்டும் வாத்தியாரே.”

“இருக்கட்டுமா?”

“தடிச்ச எழுத்துல போடுங்க.”

ஒன்றரை மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை விழா. ஆளுநர் புத்தகத்தை மட்டும் வெளியிட்டார். கல் தார்ப்பாய்க்குள்ளேயே இருந்தது. மழை வரும்போல் இருப்பதாக தோர்கிரிம் எல்லோரிடமும் சொன்னார். வானத்தில் ஒரு மேகம் இல்லை. அவர் முன்னுரையை வாசித்துக்காட்டத் தொடங்கியபோது குன்வோர் அக்கா ரொட்டித் தட்டோடு நேரே முன்வரிசைக்கு வந்தார். கக்கத்தில் மூன்றாம் தொகுதி. நடுவில் ஒரு காகிதத் துண்டு அடையாளமாகச் செருகியிருந்தது.

“படிங்க பங்காளி, படிங்க,” என்றார், ஆளுநருக்கும் கேட்கும்படியாக. “முடிச்சதும் வந்து உட்காருங்க. அதே பத்திரத்துல மகன் வீட்டார் வருஷாவருஷம் கீழ்ப் பண்ணைக்கு வைக்கோல் தரணும்னு ஒண்ணு இருக்காமே. அடிக்குறிப்புல போட்டிருக்கு.”

தோர்கிரிம் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி என்னைத் தேடினார். என் அடிக்குறிப்புகளுக்கு அன்று இரண்டு வாசகர்கள் கிடைத்தார்கள். நான் கோட்டை எடுத்துக்கொண்டு பின்வாசல் வழியாக இறங்கினேன்.