கன்னி மூலை ஜன்னல்

“உங்க இஷ்டங்க” என்றேன். வேறு என்ன சொல்ல முடியும்? எனக்கு இடப்பக்கம் அத்தை, வலப்பக்கம் மாமா. நடுவில், ஹால் ஜன்னல் கட்டைமேல், ஸ்பீக்கரில் போட்ட என் போன். அந்தப் போனுக்குள் என் புருஷன் கதிரேசன், எந்தக் கடலிலோ ஒரு சரக்குக் கப்பலில் நின்றுகொண்டு, கான்ட்ராக்ட் முடியப்போகிறது, இன்னும் ஆறு மாசம் இருக்கச் சொல்லி கம்பெனியில் கேட்கிறார்கள், என்ன சொல்லட்டும் என்று குடும்பத்தைக் கேட்டுக்கொண்டிருந்தான். மனதுக்குள் எனக்கு அவன் ‘அவன்’தான். ஹாலில் ‘அவர்’.

முதலில் மாமாதான் பதில் சொன்னார். மாநகர பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ரிட்டையர் ஆனவர். போனில் பேசினாலும் கடைசி சீட்டுக்காரனுக்குக் கேட்க வேண்டும் என்ற நினைப்பு இன்னும் போகவில்லை. “இருந்துட்டு வாடா! நல்ல கம்பெனி!” என்று கத்தினார். “எங்களப் பத்தி இன்னா கவல? நாங்க நல்லாத்தான் கீறோம். நீ உடம்பப் பாத்துகினு இருந்துட்டு வா” என்றார் அத்தை. பிறகு இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். நான் அந்த முத்தை உதிர்த்தேன். “சரி, வர்ற ஞாயித்துக்கிழமை கூப்பிடறேன். மறுநாள் கம்பெனிக்குச் சொல்லணும்” என்றான் கதிர். லைன் போய்விட்டது.

எனக்குள் இருந்தது ஒரே சொல். வந்துடு. நாலே எழுத்து. அதை மாமனார் மாமியார் முன்னால் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. சொன்னால் என்ன, தலையைச் சீவிவிடுவார்களா? மாட்டார்கள். ஆனால் ‘வந்துடுங்க’ என்று சொல்லும்போது என் குரல் எப்படி ஆகும் என்று எனக்குத் தெரியும். அந்தக் குரலை ஸ்பீக்கரில் போட முடியாது. எழுதி அனுப்பலாமே என்பீர்கள். எழுதி எழுதி அழித்தேன். எழுத்தில் அது புகார் மாதிரி இருந்தது.

பொழிச்சலூரில் எங்கள் வீடு. ஏர்போர்ட் பக்கத்திலேயே இருப்பதால் உலகத்து ஜனமெல்லாம் எங்கள் தலைக்கு மேலேதான் பறந்து போகிறது. வீட்டுக்குள் மட்டும் டவர் ஒழுங்காகக் கிடையாது. பாதாளச் சாக்கடைக்குத் தெருவைத் தோண்டியபோது இன்டர்நெட் வயர் அறுந்தது. “ரெண்டே நாள்க்கா” என்று கேபிள்காரர் சொன்ன பிறகு தீபாவளியும் போய்ப் பொங்கலும் போய்விட்டது. மாடியை வாடகைக்கு விட்டிருக்கிறோம், மொட்டை மாடிக்குப் போக வேண்டுமென்றால் அவர்கள் ஹாலுக்குள் நுழைந்துதான் போக வேண்டும். ஆக, கப்பல் பேசுவதற்கு இந்த வீட்டில் இருந்தது ஒரே இடம்: ஹால் ஜன்னல் கட்டை. அதற்குப் பக்கத்தில் அத்தையின் பிளாஸ்டிக் நாற்காலி. ஞாயிற்றுக்கிழமை காலையிலிருந்தே போன் அங்கே படைத்து வைத்த மாதிரி கிடக்கும். அடித்ததும் அத்தை ஸ்பீக்கரை அழுத்துவார். இந்த வீட்டில் யாரும் யாரோடும் குசுகுசுவென்று பேசுவதில்லை என்பதில் அவருக்குப் பெருமை வேறு. இத்தனை மாசத்தில் நானும் கதிரும் பேசியதைக் கூட்டிக் கழித்தால் ‘சாப்டீங்களா, சாப்டேன், நீ சாப்டியா’ மட்டும்தான் மிஞ்சும். எங்களைப் பார்ப்பவர்கள் சேர்ந்து மெஸ் நடத்துகிறோம் என்று நினைத்திருப்பார்கள்.

அன்று சாயங்காலமே போனைக் கையில் பிடித்துக்கொண்டு வீட்டைச் சுற்ற ஆரம்பித்தேன். போர் போடுவதற்கு முன்னால் உள்ளங்கையில் தேங்காயை வைத்துக்கொண்டு நீரோட்டம் பார்ப்பார்களே, அந்த நடை. சமையலறை, பின்கட்டு, பாத்ரூம் வாசல். எங்கள் படுக்கையறைக்குள் நுழைந்தால் இருந்த ஒரு கோடும் அணைந்தது. “இன்னா தேடற சத்யா?” என்று அத்தை கேட்டார். “கம்மலோட திருகாணி” என்றேன். பாவம், அவரும் குனிந்து கொஞ்ச நேரம் தேடினார்.

பல்லாவரத்தில் ஒரு ஸ்கேன் சென்டரில் ரிசப்ஷன் வேலை எனக்கு. பக்கத்து நாற்காலி ஜாஸ்மின். மறுநாள் என் முகத்தைப் பார்த்ததுமே, “இன்னாடி, மூஞ்சி ஒரு மாரி கீது?” என்று பிடித்துக்கொண்டாள். சொன்னேன். “டவர் எங்க கீதுன்னு காட்ற ஆப் கீதுடி” என்று என் போனை வாங்கிப் போட்டுக் கொடுத்தாள். மேப்பில் சின்னச் சின்னப் புள்ளிகள். எந்தப் புள்ளியிலிருந்து நம் போனுக்கு வருகிறது, எந்தத் திசையில் என்று ஒரு அம்புக்குறி. கொடுத்துவிட்டுச் சும்மா இருந்தாளா? “புருசனாண்ட வந்துருன்னு சொல்றதுக்கு டவர் எதுக்குடி? தைரியம் இருந்தா பத்தாதா?” என்றாள். காதலித்துக் கல்யாணம் செய்து தனிக்குடித்தனம் இருப்பவள், பேசுவாள். தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும்.

வேலை முடிந்து ஸ்கூட்டியில் அந்தப் புள்ளியைத் தேடிப் போனேன். பம்மல் பக்கம், ஒரு கல்யாண மண்டபத்தின் மொட்டை மாடியில் நின்றது. கீழே பூ டெக்கரேஷன் வண்டி, வாழை மரம் கட்டிக்கொண்டிருந்த ஆட்கள். அண்ணாந்து பார்த்தேன். இரும்புச் சட்டம், அதில் மாட்டிய நீளநீளமான வெள்ளைப் பெட்டிகள். இவ்வளவுதானா? என் போனில் எல்லாக் கோடும் நிறைந்துவிட்டது. நிறைந்து என்ன பிரயோஜனம், யாரைக் கூப்பிட? கப்பலில் அவனுக்கு நெட் கிடைப்பது ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான். கல்யாண வீட்டார் இறங்கி உள்ளே போய்க்கொண்டிருந்தார்கள். ஒருத்தி தன் புருஷன் சட்டைக் காலரை இழுத்துச் சரிசெய்துவிட்டு, எதற்கோ அவனைத் திட்டிக்கொண்டே போனாள். எனக்கு அவன் வேண்டும். அவ்வளவுதான். திட்டுவதற்காவது ஆள் பக்கத்தில் இருக்க வேண்டாமா? ரோடு என்றும் பார்க்காமல் ஸ்கூட்டியில் உட்கார்ந்து அழுதேன். பூ வண்டிக்காரர் ஹாரன் அடித்த பிறகுதான் நகர்ந்தேன்.

வீட்டுக்கு வந்து படுக்கையறையில் நின்று ஆப்பைத் திறந்தேன். அம்புக்குறி நேராக என் பீரோவைக் காட்டியது.

அது என் அம்மா வீட்டுச் சீர். எங்கள் அறை வீட்டுக்குத் தென்மேற்கில் இருக்கிறது. அதற்குள்ளும் தென்மேற்கு மூலைதான் கன்னி மூலை. பீரோ அங்கே, வடக்கே பார்த்து நிற்க வேண்டும், அப்போதுதான் வீட்டில் செல்வம் தங்கும், வீட்டு ஆண்பிள்ளைக்கு நல்லது என்பது எல்லா வீட்டிலும் உள்ள கணக்கு. ஆனால் அந்த மூலையை ஒட்டி மேற்குச் சுவரில் ஒரு ஜன்னல் இருந்திருக்கிறது. அதை அடைத்துக்கொண்டு பீரோவை நிறுத்திவிட்டார்கள். கல்யாணமாகி வந்த நாளாக அங்கே ஒரு ஜன்னல் இருக்கிறது என்ற ஞாபகமே எனக்கு இல்லை. போனைப் பிடித்த கையைப் பீரோவுக்கும் ஜன்னலுக்கும் நடுவில் நுழைத்துப் பார்த்தேன். எட்டிப் பார்த்தால் நாலு கோடு. கையை இழுத்தபோது முழங்கை வரைக்கும் ஒட்டடை.

அத்தையிடம் போய், “பீரோவக் கொஞ்சம் நகத்தணும் அத்தை” என்றேன். அரிசி களைந்துகொண்டிருந்தவர் அப்படியே நிறுத்திவிட்டார்.

“கன்னி மூலையிலேந்து பீரோவ எடுக்கறதா? இன்னா பேச்சு பேசற? புள்ள தண்ணி மேல கீறான் சத்யா.”

என் வாஸ்து எதிர்ப்பெல்லாம் தண்ணீர் மேல் இருப்பவனிடம் செல்லாது. “ஆபீஸ்லேந்து போன் வருது, உள்ள டவர் எடுக்கல” என்று ஒரு பொய்யைப் போட்டேன்.

“ஸ்கேன் எடுக்கற எடத்துலேந்து வூட்டுக்கு இன்னா போனு?” அத்தை என்னையே பார்த்தார். “அவனாண்ட பேசறதுக்குத்தான? எங்க எதிர்ல பேசக்கூடாதது அப்படி இன்னா கீது?”

குத்தலாகக் கேட்கவில்லை. நிஜமாகவே தெரியாமல்தான் கேட்டார். அதுதான் என்னை உடைத்தது. “இருக்கு அத்தை. என் புருஷன்கிட்ட நான் தனியாப் பேசணும்” என்றேன். ஹாலில் மாமா பேப்பரைச் சத்தமாகத் திருப்பினார்.

அத்தை மறுபடியும் அரிசியில் கையை விட்டார். வெகு நேரம் அளைந்துகொண்டே இருந்தார். “நீ போன எட்த்துகினு உள்ள பூட்டா, அவன் குரல நான் எங்க போய்க் கேக்கறது?” என்றார், தண்ணீரைப் பார்த்துக்கொண்டு.

இத்தனை நாளும் அவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்து என்னைக் கண்காணிக்கிறார் என்று நான் பொருமிக்கொண்டிருந்தேன். என் பேச்சு அவர் காதிலேயே விழுந்திருக்காது போல. எனக்கு என்னவோ போலாகிவிட்டது. ஆனாலும் “சரி அத்தை, வேண்டாம் விடுங்க” என்று சொல்ல மட்டும் மனசு வரவில்லை. அந்த நாலு எழுத்தை நான் சொல்லியாக வேண்டும்.

அந்த வாரம் முழுக்க நாங்கள் குழம்பு, ரசம் தவிர வேறெதுவும் பேசிக்கொள்ளவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் அத்தை தலைக்குக் குளித்து, ஈரமுடியை முடிந்துகொண்டு, தட்டில் கற்பூரமும் எலுமிச்சம்பழமுமாக எங்கள் அறைக்குள் வந்தார். பீரோவைச் சுற்றிக் கற்பூரம் காட்டினார். பழத்தை அறுத்துக் குங்குமம் தடவி இரண்டு பக்கமும் வைத்தார்.

“அது இன்னா லாரியா? எலுமிச்சம்பழம் வெச்சு எட்த்துகினு போறதுக்கு?” என்றார் மாமா.

“வாய மூடிகினு ஒரு கை புடி.”

மூன்று பேருமாகத் தள்ளினோம். பீரோ முனகிக்கொண்டே நகர்ந்து கதவோரச் சுவருக்குப் போயிற்று. மூலை காலியாகக் கிடக்கக்கூடாதாம். கனம் வேண்டுமாம். அத்தை மாமாவை விட்டு அரிசி மூட்டையைத் தூக்கி வரச்செய்து, ஜன்னல் மட்டத்துக்குக் கீழே அடக்கமாக உட்கார வைத்தார். துருப்பிடித்த ஜன்னல் கொக்கிக்குத் தேங்காய் எண்ணெய் விட்டு, சுத்தியால் தட்டித் திறந்தவரும் அவர்தான். பக்கத்து வீட்டுச் சுவருக்கு மேலே கொஞ்சம் வானம் தெரிந்தது. கட்டில் மேல் வெயில் விழுந்தது. அத்தை என் போனை வாங்கி, புது ஜன்னல் கட்டைமேல் வைத்துவிட்டு, வெளியே போனார்.

மத்தியானம் போன் அடித்தது. யாரும் ஓடி வரவில்லை. நான் கதவைச் சாத்தினேன்.

“சாப்டீங்களா?” பழக்க தோஷம், அதுதான் முதலில் வந்தது.

“சாப்டேன். நீ?”

“கதிர்.”

“என்ன, பேர் சொல்ற? ஸ்பீக்கர்ல இல்லியா?”

“இல்ல. நம்ம ரூம்ல இருக்கேன். கதவு சாத்தியிருக்கு.”

“அங்கதான் டவரே வராதே.”

“இப்ப வருது.”

லைன் கட்டாகிவிட்டதோ என்று போனைப் பார்த்தேன். இல்லை. காதில் வைத்தால் கப்பல் எஞ்சின் ஓயாமல் உறுமுவது கேட்டது. அதற்கு இந்தப் பக்கத்தில், ரொம்பக் கிட்டத்தில், அவன் மூச்சு. கல்யாணமான புதிதில் தூங்கும்போது கேட்ட அதே மூச்சு.

“வந்துடு” என்றேன். “எனக்கு உன்னைப் பாக்கணும். ஆறு மாசமெல்லாம் என்னால முடியாது. வந்துடு கதிர்.” நான் பயந்த அதே குரலில்தான் வந்தது.

“இன்னொரு வாட்டி சொல்லு” என்றான்.

சொன்னேன். எத்தனை முறை என்று கேட்காதீர்கள்.

“உங்க இஷ்டம், உங்க இஷ்டம்னே சொல்லிட்டிருந்தியா, நான் வந்தாலும் ஒண்ணுதான், வராட்டியும் ஒண்ணுதான் போலன்னு நெனச்சேன்” என்றான். அவன் குரலும் சரியில்லை. “ஆனா அம்மா இருந்துட்டு வான்னுதான சொல்லுது? அதை மீறி வந்தா மனசு கேக்காது சத்யா. அம்மாகிட்ட குடு. ஒரு வார்த்தை கேட்டுக்கறேன். அது சரின்னா நாளைக்கே கேப்டன்கிட்ட எழுதிக் குடுத்துடறேன். சீக்கிரம், நெட் போயிடும்.”

கதவைத் திறந்தேன். அத்தை தன் நாற்காலியில் உட்கார்ந்து, ஒன்றுமில்லாத ஹால் ஜன்னல் கட்டையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் போனை நீட்டியதும் அவர் எழுந்த வேகத்தைப் பார்க்க வேண்டுமே. வாங்கியதும் கட்டைவிரல் தானாக ஸ்பீக்கருக்குப் போயிற்று.

“வேணாம் அத்தை. உள்ள போய் ஜன்னலாண்ட நின்னு பேசுங்க. நல்லாக் கேக்கும்.”

“நீ?”

“நான் இங்க இருக்கேன்.”

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். போனை இரண்டு கையாலும் காதோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு உள்ளே போனார். மாமா வழக்கம்போலப் பின்னாலேயே கிளம்பினார். “மாமா, நீங்க உக்காருங்க” என்றேன். என்ன நினைத்தாரோ, உட்கார்ந்துவிட்டார். நான் போய்க் கதவை ஒருக்களித்துச் சாத்திவிட்டு வந்தேன். காதை ஒட்ட வைத்துக் கேட்டுவிட வேண்டும் என்று உடம்பெல்லாம் துடித்தது. மனதிலிருப்பதைச் சொல்வாரா, அல்லது எங்களுக்காகச் சொல்லிச் சொல்லிப் பழகிப்போன அந்த ‘நல்லாத்தான் கீறோம்’தானா? என் ஆறு மாசம் அந்த அறைக்குள் இருந்தது.

“கதிரா…” என்று அத்தை கூப்பிடுவது கேட்டது. அப்படி அவர் கூப்பிட்டு நான் கேட்டதே இல்லை. அப்புறம் பேச்சு நின்றது. செருப்பில்லாத கால்கள் கதவை நோக்கி வந்தன. என்னைத்தான் கூப்பிடப் போகிறார் என்று நான் எழுந்தேன். கதவு முழுசாக மூடிக்கொண்டது. உள்ளேயிருந்து அத்தை தாழ்ப்பாள் போட்டார்.