சின்னவளின் பெயர்

“என்னை ஏம்மா சின்னவளேன்னு கூப்பிடுறே? அப்ப பெரியவ யாரு?”

ஆறு வயதில் அவள் கேட்டது. வீட்டில் அவள் ஒரே பிள்ளை. துணி மடித்துக்கொண்டிருந்த அம்மா, மடித்ததை உதறி மறுபடி மடித்தாள். பிள்ளைகள் கேட்டதை அடுத்த நிமிடமே மறந்துவிடும் என்று நினைத்துக்கொள்வது பெரியவர்களுக்கு ஒரு வசதி. அவள் மறக்கவில்லை. பதில் பதினான்கு வயதில் கிடைத்தது. ஒரு கல்யாண வீட்டில் கூட்டத்துக்கு நடுவே, பேச்சோடு பேச்சாக அத்தை சொன்னாள். “உனக்கு முன்னாடி ஒண்ணு இருந்துச்சு. பத்து மாசம். காய்ச்சல்ல போயிடுச்சு. அதுக்கும் இதே பேருதான். உங்க அப்பாவுக்கு அந்தப் பேர் மேல அப்படி ஒரு ஆசை.” சொல்லிவிட்டு, தலையில் பூ சரியாக இருக்கிறதா பார் என்று திரும்பி நின்றாள் அத்தை.

அப்பா ஆசைப்பட்டு அதே பெயரை எடுத்து இரண்டாவதற்கும் வைத்துவிட்டார். அம்மா எதிர்த்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஆனால் அந்தப் பெயரைச் சொல்லி ஒரு நாளும் கூப்பிடவில்லை. கண்ணை மூடும்வரை சின்னவளே, சின்னவளேதான். தெருவுக்கும் அதுவே பழகிவிட்டது. பள்ளிக்கூடத்திலும் கல்யாணப் பத்திரிகையிலும் இருந்த பெயரைப் பார்க்கும்போதெல்லாம், கல்யாணத்துக்குப் போக இரவல் வாங்கிய நகையைக் கழற்றிக் கொடுக்காமல் வைத்துக்கொண்டதைப் போல அவளுக்கு இருக்கும். யாரிடம் கொடுப்பது என்றும் தெரியவில்லை. இதைக் கணவரிடம்கூடச் சொன்னதில்லை.

அப்படிப்பட்டவளுக்கு வாய்த்த வேலை, பேக்கரியில் கேக்கின் மேல் பெயர் எழுதுவது. இருபத்திரண்டு வருடமாக அதே பின்கட்டு, அதே சுழல் பலகை. பட்டர் காகிதத்தைக் கூம்பாகச் சுருட்டி, உருக்கிய சாக்லேட்டை ஊற்றி, நுனியைக் கத்தரித்தால் பேனா தயார். எழுத்துகளை மனசுக்குள் எண்ணி நடுவைக் குறித்துக்கொண்டு ஆரம்பிப்பாள். பிசகினால் கத்தியால் வழித்துவிட்டு மறுபடி எழுதலாம். இந்த ஒரு சலுகைக்காகவே இந்த வேலை அவளுக்குப் பிடிக்கும்.

ஆர்டர் கொடுக்க வருகிறவர்களிடம் பெயருக்கு என்ன அர்த்தம் என்று கேட்பது அவள் வழக்கம். யாரும் கோபித்துக்கொண்டதில்லை. பெயரின் வாலில் கொல்லன் என்று பொருள்படும் சொல்லைச் சுமந்துகொண்டு பல் வைத்தியர் ஒருவர் வருவார். ஏழு தலைமுறையாக அவர் வீட்டில் யாரும் சுத்தியலைத் தொட்டதில்லை. இன்னொரு குடும்பத்தில் மூத்த பையனுக்குத் தாத்தா பெயர்தான். அந்தப் பெயரைச் சொல்லித் திட்ட முடியாது என்பதால் பையனுக்குத் திட்டுவதற்கென்றே தனியாக ஒரு செல்லப்பெயர். சிலருக்குக் குடும்பப் பெயர் முன்னால் வரும், ஆள் பின்னால் வருவார். ஒரு பெண், பிரசவ வலியில் தன்னை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்ச் சேர்த்த டாக்சிக்காரரின் பெயரையே மகனுக்கு வைத்திருந்தாள். அந்தக் கேக்குக்கு, கேட்காமலேயே ஓரத்தில் ஒரு பூ அதிகம் வைத்துக் கொடுத்தாள் சின்னவள். நீளமான பெயர் வந்தால் பேக்கரி மாஸ்டர் சும்மா இருக்க மாட்டார். “அக்கா, இந்தப் பேருக்கு ஒரு கேக்கு பத்தாது. பக்கத்துக் கேக்கையும் இழுத்துக்கலாமா?”

உங்கள் பெயருக்கு என்ன அர்த்தம் என்று யாராவது திருப்பிக் கேட்டால், அப்பாவுக்குப் பிடித்த பெயர் என்பாள். அது பொய்யில்லை.

மகளுக்குப் பெண் குழந்தை பிறந்தது. மூன்றாம் நாள் ஆஸ்பத்திரிக் கட்டிலில் சாய்ந்தபடி மகள், பாப்பாவுக்கு அம்மா பெயரைத்தான் வைக்கப்போகிறேன், அவரும் சரி என்றுவிட்டார் என்று சொன்னாள். குழந்தையின் துண்டை மாற்றிக்கொண்டிருந்த சின்னவளின் கை நின்றது. வேண்டாம் என்றாள். ஏன் என்று கேட்டதற்கு, பழைய காலத்துப் பெயர், இந்தக் காலத்துக்கு ஒத்துவராது என்று ஏதோ சொன்னாள். மகள் விடவில்லை. ஒரு வாரம் பேச்சு ஒட்டாமலே போனது. வீட்டுக்கு வந்த பிறகு ஒரு மத்தியானம், குழந்தையைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டே மகள் கேட்டாள்.

“உன் பேரை என் பொண்ணுக்குக் குடுக்கக்கூட உனக்கு மனசு வரலை, இல்ல?”

“குடுக்கறதுக்கு அது என்னுது இல்லடி.”

சொன்ன பிறகு நிறுத்த முடியவில்லை. அத்தை சொன்ன பத்து மாதத்தைச் சொன்னாள். அம்மாவின் வாயிலிருந்து தன் பெயரைக் கேட்டதே இல்லை என்பதைச் சொன்னாள். நாளைக்கு இந்தக் குழந்தையை அந்தப் பெயரால் கூப்பிடத் தனக்கும் வாய் வராமல் போய்விட்டால் என்ன செய்வது, அந்தப் பயம்தான், என்றாள். ஒரு குழந்தை படுகிற பாட்டை அவள் பட்டாயிற்று. இன்னொன்று பட வேண்டாம்.

மகள் குழந்தையை மறு தோளுக்கு மாற்றிக்கொண்டாள்.

“அந்தப் பாப்பா எனக்கு என்ன முறை வேணும்?”

சின்னவள் இதை யோசித்ததே இல்லை. ஐம்பத்து மூன்று வருடத்தில் அந்தக் குழந்தையை யாரும் எந்த முறையும் சொல்லி அழைத்ததில்லை. அது ‘ஒண்ணு’. அத்தைக்கு அது ‘அது’.

“பெரியம்மா,” என்றாள்.

“அப்ப எங்க பெரியம்மா பேரைத்தான் வைக்கிறேன். உன் பேரை ஒண்ணும் வைக்கல. நீ ரொம்ப அலட்டிக்காத.”

சின்னவள் எழுந்து, குழந்தையைத் தன் கையில் வாங்கிக்கொண்டாள். அதன் காதருகே குனிந்து அந்தப் பெயரைச் சொல்லிப் பார்த்தாள். வந்தது.

பெயர் சூட்டும் நாளுக்கான கேக்கை அவளே எழுதினாள். மாஸ்டர் சாப்பிடப் போயிருந்தார், முன்கடையில் கூட்டமில்லை. எழுத்துகள் பிசகவில்லை, வழிக்க வேண்டி வரவில்லை. அதைப் பெட்டியில் வைத்து மூடிய பிறகு, தன் பங்குக்கு வாங்கி வைத்திருந்த கையகலக் கேக்கு ஒன்றைச் சுழல் பலகையில் வைத்தாள். அதன்மேல் சின்ன எழுத்தில் அதே பெயரை எழுதினாள். அலமாரியிலிருந்து ஒன்று என்ற எண்ணாகச் செய்த மெழுகுவர்த்தியை எடுத்து நடுவில் நட்டாள். இந்தப் பெயரில் முதல் பிறந்தநாளைக் கொண்டாடிவிட்டவள் சின்னவள். கொண்டாட வேண்டிய பெரியவள் தன் முதல் பிறந்தநாளுக்கு இரண்டு மாதம் முன்பே போய்விட்டாள்.

தினமும் கடவுளிடம் நீளமாகப் பேசுகிறவள்தான். அன்றைக்கு, “அவகிட்ட சேத்துடு” என்று மட்டும் சொல்லித் தீக்குச்சியைக் கிழித்தாள்.

ஏற்றிவிட்டு இரண்டு அடி தள்ளி நின்றாள். ஊதவில்லை. மின்விசிறியை நிறுத்தியிருந்ததால் சுடர் ஆடாமல் எரிந்தது. முதல் சொட்டு மெழுகு எண்ணின் தலையிலிருந்து மெல்ல இறங்கி, பெயரின் முதல் எழுத்துக்குப் பக்கத்தில் வந்து, அதைத் தொடாமல் உறைந்தது.