நாற்பத்திரண்டு அடி வராந்தா

கோர்ட்டு வராந்தா எல்லோருக்கும் நாற்பத்திரண்டு அடி நீளம். சிவப்புக் கார் வக்கீலுக்கு மட்டும் ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் அது மூன்று மைல் இருந்தது. இழுத்து நீட்டியவள் தையல்காரரின் மனைவி.

செய்யாத அடிதடிக்காகத் தையல்காரருக்கு ஐந்து வருடம் போட்டிருந்தார்கள். அப்பீல் போட்டுவிட்டு ஜாமீனில் வந்து, பழையபடி மெஷினில் உட்கார்ந்திருந்தார். விசாரணைக்கு முதல் நாள் சிவப்புக் கார் வக்கீல் தையல்காரரின் மனைவியிடம், "நீங்க யாரும் வர வேண்டாம்மா, நான் பாத்துக்கறேன்" என்றார். மறுநாள் டவாலி வாசலில் நின்று மூன்று முறை பெயர் சொல்லிக் கூப்பிட்டபோது, பார்த்துக்கொள்ள வேண்டியவர் வராந்தாவின் மறுகோடியில் இருந்த கேன்டீனில், காபிக்குச் சர்க்கரை போதவில்லை என்று சண்டை பிடித்துக்கொண்டிருந்தார். ஆள் வராவிட்டாலும் கேஸ் கட்டைப் படித்துப் பார்த்துத்தான் அப்பீலை முடிக்க வேண்டும் என்பது நீதிபதிக்குத் தெரியாததல்ல. அன்று அவருக்குப் பல்வலி. 'கூப்பிட்டோம், வரவில்லை, தள்ளுபடி' என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். யாருடைய சட்டைக்கோ காலர் வைத்துக்கொண்டிருந்தவரை அப்படியே பிடித்துக்கொண்டு போனார்கள். பதினோராம் மாதம் சிறை ஆஸ்பத்திரியில் செத்துப்போனார்.

காரியங்கள் முடிந்ததும் அவள் புருஷனின் டேப்போடு கோர்ட்டுக்கு வந்தாள். கேன்டீன் மேசையிலிருந்து கோர்ட்டு வாசல்வரை குனிந்து குனிந்து அளந்தாள். "இந்த நாப்பத்திரண்டு அடி நடக்க அந்தாளுக்குக் கால் வரலியே" என்று சொல்லிவிட்டு வாசல் பெஞ்சில் உட்கார்ந்தாள். நான்கு வருடம் உட்கார்ந்திருந்தாள். வக்கீலின் கட்சிக்காரர்களுடைய கேஸ் வந்தபோதெல்லாம் அவள் டேப்பைத் தொடவில்லை. அவர்கள் என்ன பாவம் செய்தார்கள்.

பிறகு சிவப்புக் கார் சைக்கிளில் போன பால்காரரை இடித்துவிட்டு நிற்காமல் போனது. வக்கீலுக்கு இரண்டு வருடத் தண்டனை. மற்ற வக்கீல்கள் மேல் நம்பிக்கையில்லாததால் தன் அப்பீலைத் தானே நடத்த வந்தார். முதல் கூப்பாட்டுக்கே கேன்டீனிலிருந்து எழுந்து ஓடினார். பெஞ்சில் இருந்தவள் டேப்பை இழுத்தாள். ஐந்தடி டேப் தீராமல் வந்து அவள் காலடியில் குவிந்தது. வராந்தாவும் கூடவே நீண்டது. இரண்டாவது கூப்பாட்டில் வக்கீல் கட்டைவிரல் உயரத்துக்குச் சிறுத்துப்போய், தூரத்தில் கையெடுத்துக் கும்பிட்டபடி ஓடிவந்துகொண்டிருந்தார்.

"நீங்க வர வேண்டாம் சார், நான் பாத்துக்கறேன்" என்றாள் அவள்.

டவாலி மூன்றாவது முறையை வழக்கத்தைவிடச் சீக்கிரமாகக் கூப்பிட்டு முடித்தார். கூப்பிட்டோம், வரவில்லை, தள்ளுபடி. அவள் டேப்பைச் சுருட்டினாள். வக்கீல் வாசலுக்கு வந்து சேர்ந்தபோது இரண்டு போலீஸ்காரர்கள் நின்றிருந்தார்கள். அவளுக்கு வயிறு குளிர்ந்தது, பாதி வயிறு.

மறுநாள் காலை அவள் அதே பல்வலி நீதிபதியின் அறைவாசலில் குனிந்திருந்தாள். தலைமைக் குமாஸ்தா, "பத்தரைக்குள்ள முடிச்சிடுங்கம்மா, ஐயா வந்துடுவார்" என்றார். அங்கிருந்து தீர்ப்புச் சொல்லும் நாற்காலி வரை பதினான்கு அடி. டேப்பின் மறுமுனையை டவாலி பிடித்துக்கொண்டார்.